நமக்குள்ளயே ஓட்டிப் பாத்தா போதுமா?

நான் நர்சிங் சொல்லிக் குடுக்குறவ, என் நாள்ல பாதிக்கு மேல, நிஜ பேஷண்ட்டுக்குப் பதிலா பொம்மையை வச்சுப் பழகுற சிமுலேஷன் லேப்லதான் போகும். போன மாசம் ஒரு செஷன், பேஷண்ட்டோட இதயம் நின்னு போற கார்டியாக் அரெஸ்ட் சீனாரியோ, நான் ஒன்-வே கண்ணாடிக்குப் பின்னாடி உக்காந்து மானிட்டர்ல ரிதம் மாத்திட்டு இருக்கேன், உள்ள அஞ்சு ஸ்டூடண்ட்ஸ். ஒருத்தன் நெஞ்சை அழுத்தி கம்ப்ரெஷன் குடுக்குறான், ஒருத்தி மூச்சு குடுக்க ஆம்பு பேக் புடிச்சிருக்கா, ஒருத்தி டைம் பாத்து எழுதுறா, டீம் லீடர் கால்மாட்டுல நின்னு "அட்ரினலின் 1 மில்லிகிராம் குடுங்க"ன்னு சொல்லிட்டான். சிரிஞ்ச் வச்சிருந்த பொண்ணு குடுக்கல. சும்மா நிக்கிறா. மேனிகினோட, அதான் அந்த பேஷண்ட் பொம்மையோட, கைக்கு மேல அவ கை அப்படியே தொங்குது, பத்து செகண்ட், பதினஞ்சு செகண்ட்... அரெஸ்ட்ல நின்னவங்களுக்குத் தெரியும் பதினஞ்சு செகண்ட் எவ்வளவு நீளம்னு.

எனக்கு உடனே புரிஞ்சிடுச்சு, பயந்துட்டா. எப்படிப் புரிஞ்சுதுன்னா, என்னோட முதல் அரெஸ்ட்ல நானும் இதே மாதிரி நின்னிருக்கேன், காது அடைச்சு, யாரோ தூரத்துல இருந்து கத்துற மாதிரி கேட்டுச்சு, கை எனக்குச் சொந்தமில்லாத மாதிரி இருந்துச்சு. அந்த நிமிஷம் அப்படியே எனக்குள்ள திரும்ப ஓடுச்சு. இத்தனைக்கும் அந்தப் பொண்ணோட முகம்கூட எனக்குத் தெரியல, முதுகுதான் தெரிஞ்சுது.

செஷன் முடிஞ்சு டீப்ரீஃபிங், நடந்ததை எல்லாரும் உக்காந்து பேசிப் பாக்குற நேரம். "பயமா இருந்துச்சாம்மா, பரவால்ல, எல்லாருக்கும் வர்றதுதான்"னு வாய் வரைக்கும் வந்துடுச்சு. ஆனா எங்களுக்குப் பழக்கி விட்ட ஒரு முறை இருக்கு, பாத்ததைச் சொல்லு, அதைப் பத்தி நீ நினைக்கிறதை மறைக்காம சொல்லு, அப்புறம் உண்மையாவே தெரிஞ்சுக்கறதுக்காகக் கேளு. அதனால, "நீ சிரிஞ்சோட கொஞ்ச நேரம் நின்னதப் பாத்தேன், மருந்து லேட் ஆகுதேன்னு எனக்குக் கவலையா இருந்துச்சு, அந்த நேரத்துல உன் மனசுல என்ன ஓடிட்டு இருந்துச்சு?"ன்னு கேட்டேன்.

"மேம், பெட்ஷீட் ஈரமா இருந்துச்சு. டிரிப் லைன் எங்கயோ கழண்டிருக்கு. அதுல குடுத்தா மருந்து பெட்டுக்குத்தான் போகும், பேஷண்ட்டுக்குப் போகாது. எங்க லூஸ்னு தேடிட்டு இருந்தேன்."

வீடியோவைப் போட்டுப் பாத்தோம். கம்ப்ரெஷன் குடுக்குறப்ப பெட் ஆடி ஆடி கனெக்டர் கழண்டு, முழங்கைக்குக் கீழ ஷீட்ல ஒரு உள்ளங்கை அளவு ஈரம். அது நான் செட் பண்ணின சீனாரியோவுல கிடையாது, தானா நடந்தது. அந்த ரூம்ல அதைப் பாத்த ஒரே ஆள் அவதான். "லைன் கழண்டிருக்கு"ன்னு சத்தமா சொல்லியிருக்கணும், அதுதான் அவ கத்துக்க வேண்டியது. நான் "பயப்படாதே"ன்னு ஆரம்பிச்சிருந்தா அந்தப் பாடத்துக்கு நாங்க வந்தே சேந்திருக்க மாட்டோம், அவளும் தலையாட்டிட்டுப் போயிருப்பா.

அன்னைக்கு ராத்திரியில இருந்து நான் திரும்பவும் சிமுலேஷன் தியரி படிக்க ஆரம்பிச்சேன். நம்ம பிரபஞ்சமே ஒரு கம்ப்யூட்டருக்குள்ள ஓடுதுன்னு நிக் பாஸ்ட்ராம் 2003-ல எழுதினாரே, அது இல்ல, அது வேற கதை. நான் சொல்றது அடுத்தவங்க மனசை நாம எப்படித் தெரிஞ்சுக்குறோம்ங்கிற கேள்வி. 1986-ல ராபர்ட் கோர்டன், ஜேன் ஹீல்னு ரெண்டு தத்துவக்காரங்க தனித்தனியா ஒரே பதிலைச் சொன்னாங்க, 1989-ல ஆல்வின் கோல்ட்மேன் அதை இன்னும் விரிச்சார். அதுவரைக்கும் பலரும் நம்பினது, நமக்குள்ள மனுஷ மனசைப் பத்தி ஒரு தியரி இருக்கு, பசிச்சவன் சாப்பாடு தேடுவான், அவமானப்பட்டவன் கோவப்படுவான்னு விதிகள் இருக்கு, அதை வச்சு கணக்குப் போடுறோம்னு. இவங்க சொன்னது, தியரி எதுக்கு, நம்மகிட்டயே ஒரு மனசு இருக்கே, அதையே மாடலா வச்சு அடுத்தவங்க நிலைமையை உள்ள போட்டு ஓட்டிப் பாக்குறோம், வர்ற விடையை அவங்க மேல வைக்கிறோம்னு. நாம கூடு விட்டுக் கூடு பாயறதுன்னு சொல்றோம்ல, இது அதுக்கு நேர் தலைகீழ், அடுத்தவரை நம்ம கூட்டுக்குள்ள கொண்டு வந்து உக்கார வைக்கிறது. "தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தாதான் தெரியும்"னு சொல்றவங்க பாதி சிமுலேஷன் தியரிக்காரங்க தான்.

கோல்ட்மேன் காட்டுற ஒரு உதாரணம் எனக்கு ரொம்பப் பிடிக்கும், அது கானமன், ட்வெர்ஸ்கின்னு ரெண்டு மனோதத்துவக்காரங்க 1982-ல கேட்ட கேள்வி. ரெண்டு பேர் ஒரே வண்டியில ஏர்போர்ட் போறாங்க, வேற வேற ஃப்ளைட், ஆனா ஒரே டைம். டிராஃபிக்ல மாட்டி அரை மணி நேரம் லேட். ஒருத்தரோட ஃப்ளைட் சரியான டைமுக்குப் போயிடுச்சு. இன்னொருத்தரோடது லேட்டாகி இப்பதான் அஞ்சு நிமிஷம் முன்னாடி கிளம்புச்சு. யாருக்கு அதிகமா மனசு வெறுத்துப் போயிருக்கும்? 96 சதவீதம் பேர் ரெண்டாவது ஆளுன்னு சொன்னாங்க. நீங்களும் அதைத்தான் சொல்லியிருப்பீங்க. எந்த விதியை வச்சு சொன்னீங்க? விதி எதுவும் ஞாபகம் வராது, ஒரு செகண்ட் அந்த கேட் முன்னாடி நீங்களே நின்னீங்க, வயித்துல ஒண்ணு பண்ணுச்சு, அவ்வளவுதான்.

சரி, இது நல்ல கதை. சாட்சி எங்கன்னு கேட்டா, நெறைய பேர் உடனே மிரர் நியூரான்னு சொல்லுவாங்க. இத்தாலியில பார்மா யுனிவர்சிட்டியில ரிஸ்ஸோலாட்டி குழு 1990-கள் ஆரம்பத்துல மக்காக் குரங்கு மூளையில கண்டுபிடிச்சது, குரங்கு தானா ஒரு பொருளை எடுக்குறப்பவும், வேற யாரோ எடுக்குறதைப் பாக்குறப்பவும் அதே செல் வேலை செய்யுது. 1998-ல கலேஸியும் கோல்ட்மேனும் சேந்து இதை சிமுலேஷன் தியரிக்கு ஆதாரமா எழுதினாங்க. எனக்கு இதுல அவ்வளவு நம்பிக்கை இல்ல. ஒரு கையசைவைப் பாத்து அதே செல் துடிக்குதுங்கிறதுக்கும், ஒருத்தி ஏன் சிரிஞ்சோட நிக்கிறாள்னு புரியறதுக்கும் நடுவுல ரொம்ப தூரம். மிரர் நியூரான் வச்சு எம்பதியில இருந்து மொழி வரைக்கும் எல்லாத்தையும் விளக்கினவங்க இருந்தாங்க, அந்த வேகம் இப்ப நல்லாவே குறைஞ்சிருக்கு.

எனக்கு இதை விட கனமா தோணுறது ஒரு பேஷண்ட்டோட கேஸ். மூளைக்குள்ள இன்சுலா, பேஸல் கேங்லியான்னு சொல்ற பகுதிகள்ல சேதமான ஒருத்தர், 2000-ல கால்டரும் கூட இருந்தவங்களும் எழுதினது. அவருக்கு அருவருப்புங்கிற உணர்ச்சி மங்கிப் போச்சு. அது மட்டும் இல்ல, அடுத்தவங்க முகத்துலயும் குரல்லயும் இருக்குற அருவருப்பையும் அவரால கண்டுபிடிக்க முடியல. மத்த உணர்ச்சிகளைக் கண்டுபிடிக்கிறதுல பெரிய பிரச்சினை இல்ல. தியரியை வச்சுதான் கண்டுபிடிக்கிறோம்னா, அருவருப்புன்னா என்னன்னு அவருக்குத் தெரிஞ்ச அறிவு அப்படியே தானே இருக்கணும், பின்ன ஏன் ரெண்டும் சேந்து போகுது? தனக்குள்ள ஓடாதது அடுத்தவங்ககிட்டயும் தெரியலங்கிறதுதான் நேரான விளக்கம். மூணு வருஷம் கழிச்சு ஸ்கேன்லயும் பாத்தாங்க, நாத்தத்தை முகர்றப்பவும், இன்னொருத்தர் முகம் சுளிக்கிறதைப் பாக்குறப்பவும் இன்சுலாவுல அதே இடம் வேலை செய்யுது.

வலியும் அப்படித்தான். வியன்னாவுல 2015-ல ஒரு ஆய்வு, ஆளுங்களுக்கு வலி மாத்திரைன்னு சொல்லி மருந்தே இல்லாத மாத்திரை குடுத்தாங்க. அவங்க வலி குறைஞ்சுது, அது எதிர்பாத்தது. கூடவே, அடுத்தவங்களுக்கு ஷாக் குடுக்குறதைப் பாக்குறப்ப இவங்களுக்கு வர்ற இரக்கமும் குறைஞ்சுது. மூளையோட சொந்த வலி நிவாரணியான ஓபியாய்டோட வேலையைத் தடுக்குற நால்ட்ரெக்ஸோன் மருந்து குடுத்ததும் ரெண்டு குறைவும் போயிடுச்சு. இதைப் படிச்சுட்டு நான் புத்தகத்தை மூடி வச்சுட்டு ரொம்ப நேரம் உக்காந்திருந்தேன். வார்டுல இருபது வருஷம் இருந்து வலிக்குப் பழகிப் போனவங்களை நெனச்சேன், தனக்குள்ள ஓட்டிப் பாக்குற மெஷினையே சத்தம் குறைச்சு வச்சிட்டாத்தான் அவங்களால அங்க நிக்க முடியுதோன்னு ஒரு எண்ணம், அதுக்கு என்கிட்ட ஆதாரம் இல்ல, என் மனசுல பட்டது.

ஆனா எல்லாத்தையும் விட பெரிய சாட்சி எதுன்னு கேட்டா நான் தப்புகளைத்தான் சொல்லுவேன். ஒரு மெஷின் எப்படித் தப்பு பண்ணுதோ அதுலதான் உள்ள என்ன இருக்குன்னு காட்டிக் குடுக்கும். தியரி வச்சுக் கணக்குப் போட்டா, விதி தெரியாததால தப்பு வரும். நம்ம மனசையே மாடலா வச்சு ஓட்டினா, நம்ம சொந்த நிலைமை கசிஞ்சு உள்ள வந்து தப்பு வரும். நிஜத்துல வர்றது எது? வான் போவன், லோவன்ஸ்டீன் 2003-ல பண்ணினது, ஜிம்ல எக்சர்சைஸ் பண்ண வந்தவங்ககிட்ட, காட்டுல வழி தப்பின மலையேறிகளுக்கு சாப்பாடும் இல்ல தண்ணியும் இல்ல, எது ரொம்பக் கஷ்டமா இருக்கும்னு கேட்டாங்க. எக்சர்சைஸ் முடிச்சு தாகத்தோட இருந்தவங்கதான் அதிகமா தாகம்னு சொன்னாங்க, இன்னும் ஆரம்பிக்காதவங்க அந்த அளவுக்குச் சொல்லல. மலையேறிகளைப் பத்தின அறிவு ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான், தொண்டை மட்டும்தான் வேற. இன்னொண்ணு ஸ்டான்ஃபோர்டுல 1990-ல எலிசபெத் நியூட்டன் பண்ணினது, தெரிஞ்ச பாட்டை மேஜையில விரலால தட்டிக் காட்டணும், கேக்குறவங்க கண்டுபிடிக்கணும். தட்டினவங்க பாதிக்குப் பாதி கண்டுபிடிச்சிடுவாங்கன்னு நெனச்சாங்க. 120 பாட்டுல 3 தான் கண்டுபிடிச்சாங்க. தட்டுறவங்க தலைக்குள்ள பாட்டு முழு மெட்டோட ஓடுது, கேக்குறவங்களுக்கு வெறும் டொக் டொக். டீச்சரா இருக்குற யாரா இருந்தாலும் இதை ஒரு தடவை செஞ்சு பாக்கணும்.

கண்ணாடிக்குப் பின்னாடி எனக்கு நடந்ததும் இதேதான், என்னோட பழைய பயம் கசிஞ்சு அவ முதுகு மேல போய் உக்காந்துடுச்சு.

எதிர்ப்பக்கமும் வலுவாத்தான் பேசுறாங்க, அதை விட்டுட்டுப் போக எனக்கு மனசில்ல. எலன் லேங்கர் 1975-ல ஒரு லாட்டரி ஆய்வு பண்ணினாங்க, சீட்டைத் தானே தேர்ந்தெடுத்தவங்க அதைத் திருப்பி விக்க, கையில குடுக்கப்பட்டவங்களை விட நாலு மடங்குக்கும் மேல விலை கேட்டாங்க. தியரி பக்கத்துல நின்ன ஸ்டிச், நிக்கல்ஸ்னு ரெண்டு தத்துவக்காரங்க இதை எடுத்து, நம்ம மனசை வச்சே ஓட்டிப் பாக்குறோம்னா இந்த வித்தியாசத்தை எல்லாரும் முன்கூட்டியே சரியா சொல்லியிருக்கணுமே, ஆனா கேட்டுப் பாத்தா சொல்ல மாட்டேங்குறாங்களே, அப்ப தப்பான தியரிதானே வேலை செய்யுதுன்னு கேட்டாங்க. நியாயமான கேள்வி. சீட்டைக் கையில எடுக்குற அனுபவம் வேற, அதை ரெண்டு வரியில படிக்கிறது வேற, உள்ள போடுறது சரியில்லன்னா வர்றதும் சரியில்லங்கிறது சிமுலேஷன் தியரிக்காரங்க பதில். என்னைக் கேட்டா ரெண்டும் கலந்துதான் ஓடுது, கோல்ட்மேனும் பின்னாடி கலவைன்னே ஒத்துக்கிட்டார்.

உடம்புப் பக்கத்துல சாட்சி இன்னும் சுத்தமா இருக்கு. 1971-ல ஷெப்பர்டும் மெட்ஸ்லரும், திருப்பி வச்ச ரெண்டு உருவம் ஒண்ணுதானான்னு கேட்டாங்க, எவ்வளவு டிகிரி திருப்பியிருக்கோ அதுக்கு ஏத்த மாதிரி நேர்கோட்டுல டைம் கூடுது, மனசுக்குள்ள நிஜமாவே திருப்புறாங்க. 1995-ல பாஸ்குவல்-லியோன் பியானோவுல அஞ்சு விரல் பயிற்சி ஒண்ணு குடுத்தார், அஞ்சு நாள், தினம் ரெண்டு மணி நேரம், ஒரு குரூப் கையால, ஒரு குரூப் கையை அசைக்காம மனசுல மட்டும். மூளையில விரலுக்கான இடம் ரெண்டு குரூப்லயும் பெருசாச்சு. அஞ்சாவது நாள் மனசுல வாசிச்சவங்க, கையால வாசிச்சவங்க மூணாவது நாள் இருந்த அளவுக்கு வந்திருந்தாங்க, அப்புறம் ரெண்டே மணி நேரம் நிஜமா வாசிச்சதும் எட்டிப் பிடிச்சிட்டாங்க. கையை அசைக்காம பாதி தூரம் வந்துடலாம், மீதிக்கு சத்தம் காதுல விழணும், தப்பு விரலுக்குத் தெரியணும்.

இப்ப என் லேபுக்கு வர்றேன். ஆஸ்மண்ட் லேர்டால் 1960-ல ரெசஸி ஆன் பொம்மையைக் கொண்டு வந்தார், 1963 வாக்குல ஹோவர்ட் பேரோஸ் பேஷண்ட்டா நடிக்க ஆளுங்களைப் பழக்கினார், 1967-ல சிம் ஒன் வந்துச்சு, கம்ப்யூட்டர் ஓட்டுற முதல் மேனிகின். பேர் ஒண்ணா இருந்தாலும் தத்துவக்காரங்க சொல்ற சிமுலேஷன் மனசுக்குள்ள, எங்களோடது மனசுக்கு வெளிய. பல பேர் ரெண்டையும் போட்டுக் குழப்பிக்கிறாங்க. வெளிய ஓடுறதோட பெரிய லாபமே அது நம்ம நினைப்பை மதிக்காதுங்கிறதுதான், கம்ப்ரெஷன் அஞ்சு சென்டிமீட்டர் போகலன்னா போகல, நீ எவ்வளவு நம்பிக்கையா அழுத்தினாலும் க்ளிக் சத்தம் வராது.

பலன் இருக்கான்னு கேக்குறவங்களுக்கு நான் எப்பவும் காட்டுறது இங்கிலாந்துல பிரிஸ்டல், சவுத்மீட் ஆஸ்பத்திரி. பிரசவத்துல தலை வந்து தோள் மாட்டிக்கிற நிலைமை இருக்கே, நொடிக்கணக்குல முடிவெடுக்கணும், தப்பா இழுத்தா குழந்தையோட கை நரம்பு போயிடும். மேனிகின் வச்சு எல்லா ஸ்டாஃபுக்கும் பயிற்சி குடுத்தாங்க, அந்த நிலைமையில பிறந்த குழந்தைகள்ல அடிபட்டது 9.3 சதவீதத்துல இருந்து 2.3 சதவீதமாச்சு, 2008-ல ட்ரேகாட் குழு வெளியிட்டது. சிகாகோவுல சென்ட்ரல் லைன், அதாவது பெரிய ரத்தக்குழாய்க்குள்ள டியூப், போடுறதை சிமுலேட்டர்ல தேர்ச்சி பெறுற வரைக்கும் பழக்கினதுக்கு அப்புறம், ரத்தத்துல தொத்து வர்றது அந்த டியூப் உடம்புல இருக்குற 1,000 நாளைக்கு 3.20-ல இருந்து 0.50 ஆச்சு. இதெல்லாம் பரீட்சை மார்க் இல்ல, ஆஸ்பத்திரி பெட்ல இருக்குற உசுர். நர்சிங்ல 2014-ல அமெரிக்காவுல பத்து காலேஜ்ல பண்ணின பெரிய ஆய்வு, கிளினிக்கல் டைம்ல பாதி வரைக்கும் நல்ல சிமுலேஷனா மாத்தினாலும் ரிசல்ட்ல குறிப்பிடும்படியா வித்தியாசம் இல்லன்னு வந்துச்சு. "நல்ல"ங்கிற வார்த்தையை அடிக்கோடு போட்டுப் படிங்க, பழக்கின டீச்சரும் முறையான டீப்ரீஃபிங்கும் அதுக்குள்ள இருக்கு.

மேனிகின் எவ்வளவு நிஜமா இருக்குங்கிறதுக்கு இதுல பங்கு நாம நினைக்கிறதை விட ரொம்பக் கம்மி. 2002-ல சிறுநீர்க்கல் எடுக்குற கருவியைப் பழக, ஒரு குரூப்புக்கு அச்சு அசல் மாதிரி ஒரு மாடல், இன்னொரு குரூப்புக்கு கப்பும் ஸ்ட்ராவும் ரப்பர் டியூபும் வச்சு ஒட்டின மாடல், கடைசியில ரெண்டு குரூப்பும் ஏறக்குறைய ஒரே மாதிரி செஞ்சாங்க. 2005-ல இசன்பர்க் குழு ஆராய்ச்சிகளை அலசினப்ப அதிகமா தென்பட்டது ஃபீட்பேக்தான். புது மேனிகின் வாங்கணும்னு யாராவது சொல்றப்ப எல்லாம் நான் இதைத்தான் சொல்றேன், முதல்ல டீப்ரீஃபிங்குக்கு இன்னும் இருபது நிமிஷம் குடுங்க.

நான் ஒரு விஷயத்தை நிறுத்தியே விட்டேன். கண்ணைக் கட்டி நடக்க விடுறது, வீல்சேர்ல ஒரு மணி நேரம் உக்கார வைக்கிறது, "பேஷண்ட் கஷ்டம் புரியட்டும்"னு நிறைய இடத்துல பண்றாங்க, நானும் பண்ணியிருக்கேன், நல்லெண்ணத்தோடதான். 2015-ல சில்வர்மேன், க்வின், வான் போவன் பாத்தது, கண்ணைக் கட்டி நடந்தவங்க, பார்வை இல்லாதவங்களால வேலை பாக்கவோ தனியா வாழவோ முடியறது கம்மின்னு மதிப்பிட்டாங்க. ஏன்னா அவங்களுக்குத் தெரிஞ்சது பார்வை போன முதல் பதினஞ்சு நிமிஷம் மட்டும்தான், தடுக்கி விழுற நிமிஷம். இருபது வருஷமா அப்படியே வாழ்ந்து, சத்தத்தையும் தொடுதலையும் வச்சு ஒரு உலகத்தைக் கட்டினவங்களோட வாழ்க்கை அந்தத் துணிக்குள்ள கிடையாது. இப்ப எங்க கிளாஸுக்கு பார்வை இல்லாத ஒருத்தர் வந்து பேசுறாங்க, பசங்க கேள்வி கேக்குறாங்க.

2018-ல ஏயல், ஸ்டெஃபல், எப்லி மூணு பேரும் 25 பரிசோதனையை வரிசையா பண்ணிட்டாங்க, அடுத்தவங்க இடத்துல இருந்து பாருங்கன்னு சொன்னா ஜனங்க சரியா கணிக்கிறாங்களான்னு. கணிப்பு மேம்படவே இல்ல. மேம்பட்டது, நேரா அந்த ஆளுகிட்டயே பேசிக் கேட்டப்பதான். சிமுலேஷன் தியரி பொய்னு நான் இதை எடுத்துக்கல. ஓட்டிப் பாக்காம நம்மால இருக்கவே முடியாது, அது தானா ஓடும், கண்ணாடிக்குப் பின்னாடி எனக்கு ஓடின மாதிரி. கேள்வி மனசுல வர்றதே அதனாலதான், அவ நின்னது எனக்குள்ள எதையும் கிளப்பலன்னா நான் அதை கவனிச்சிருக்கவே மாட்டேன். ஆனா அது கேள்வி வரைக்கும்தான் கூட்டிட்டுப் போகும், பதில் அவகிட்டதான் இருக்கு. ஜென்னி ரூடால்ஃப் குழு 2006-ல டீப்ரீஃபிங் பத்தி எழுதினப்ப சொன்ன முறைதான் மேல நான் சொன்னது, நம்ம நினைப்பை ஒளிக்காம மேஜை மேல வைக்கிறது, வச்சுட்டு அவங்களோடதைக் கேக்குறது. தத்துவக்காரங்க நாப்பது வருஷமா வாதாடுற ஓட்டையை இந்த ஒரு கேள்வி அடைக்குதுன்னு எனக்குத் தோணுது.

இப்ப நான் கன்ட்ரோல் ரூம்ல ஒரு சின்ன நோட்டு வச்சிருக்கேன். யாராவது தயங்கினா, ஏன்னு எனக்குத் தோணுறதை உடனே எழுதிடுவேன், வலது பக்கத்தை காலியா விட்டுடுவேன், டீப்ரீஃபிங்ல அவங்க சொல்றதை அவங்க வார்த்தையிலேயே அதுல எழுதுவேன். நேத்து இடது பக்கம் எழுதினது: "ரெண்டாவது டோஸ் டைம் மறந்துட்டான்." வலது பக்கம்: "லீடர் சொன்னப்ப ரெண்டு பேர் சரின்னு சொன்னாங்க மேம், யார் குடுத்தாங்கன்னு தெரியல, டபுள் ஆகிடக் கூடாதுன்னு நிறுத்தினேன்."